பெரியம்மாவுக்கு யாரும் சொல்லவில்லை

குடியாத்தம் பக்கத்துக் கிராமத்தில் இருக்கும் என் பெரியம்மா, பீடி சுற்றிச் சேர்த்த பணத்தை ஒரு வீட்டு மனைக்கு முன்பணமாகக் கொடுத்தார். மனைக்காரர் கிரயம் செய்து தர மறுத்ததும், ஒப்பந்தப்படி எழுதித் தரச் சொல்லி வழக்குப் போட்டார். வாய்தா எப்போது என்று கேட்கும்போதெல்லாம் வக்கீலின் குமாஸ்தா, "நீங்கள் வர வேண்டாம் அம்மா, சாட்சி சொல்லும் நாளில் கூப்பிடுகிறோம்" என்பார். அவர் கூப்பிடவே இல்லை. அந்த மனையில் கடைக்கால் தோண்டுகிறார்கள் என்று கேள்விப்பட்ட பிறகுதான் போய் விசாரித்தோம். அழைத்தும் வாதி வரவில்லை என்று வழக்கைத் தள்ளுபடி செய்து ஏழு மாதம் ஆகியிருந்தது.

"அப்படியென்றால் நான் தோற்றுவிட்டேனா?" என்றார். நான் என்ன சொல்வேன்? சாட்சிக் கையெழுத்தோடு ஒப்பந்தம் அவருடைய டிரங்குப் பெட்டியில் பத்திரமாக இருக்கிறது. அதை எந்த நீதிபதியும் படித்துப் பார்த்துத் தீர்ப்புச் சொல்லவில்லை.

1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் கட்டளை 9 இதைப் பற்றியது. இரு தரப்பும் வராமல் தள்ளுபடியானால், காலவரம்புக்குள் புதிதாக வழக்குப் போடலாம். பிரதிவாதி மட்டும் வந்து நின்று தள்ளுபடியானால், அதே காரணத்துக்காக மறுபடி வழக்குப் போட முடியாது. போதிய காரணம் காட்டி, பழைய வழக்கைத் திரும்பக் கோப்பில் எடுக்கச் சொல்லி மனுப் போடலாம். அதற்கு 30 நாள்தான்.

இப்படி ஒரு விதி வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். பக்கத்து வீட்டுக்காரரை அலைக்கழிக்கவே வழக்குப் போட்டுவிட்டு, பிறகு எட்டிப் பார்க்காதவர்களும் இருக்கிறார்கள். ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வந்து நிற்கும் பிரதிவாதியை எத்தனை வருடம் காக்க வைப்பது?

ஆனால் அந்த 30 நாளை எங்கிருந்து எண்ணுகிறார்கள் என்று பாருங்கள். சம்மன் முறையாகச் சேராமல், தான் இல்லாமலே எதிராகத் தீர்ப்பாகிவிட்ட பிரதிவாதிக்கு, அந்தத் தீர்ப்பு தெரியவந்த நாளிலிருந்து எண்ணுகிறது 1963ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம். வாதிக்கோ, தள்ளுபடியான நாளிலிருந்தே ஓடத் தொடங்கிவிடுகிறது. வழக்குப் போட்டவருக்குத் தெரியாமலா இருக்கும் என்ற எண்ணம்தான். என் பெரியம்மாவுக்குத் தெரியவில்லையே! தாமதத்தை மன்னிக்கும்படி தனி மனுப் போட்டு, அத்தனை நாளுக்கும் அவர் காரணம் சொல்ல வேண்டியிருக்கிறது. வக்கீல் வராததற்குக் குற்றமற்ற கட்சிக்காரர் பாதிக்கப்படக் கூடாது என்று ஒரு மேல்முறையீட்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் 1981இலேயே சொல்லியிருக்கிறது. அந்த நியாயம் தன் வாசலுக்கு வர அவர் எத்தனை வாய்தா நடக்க வேண்டும்?

நான் கேட்பது பெரிய காரியமில்லை. வழக்குப் போடும்போது கொடுக்கும் பிராதிலேயே வாதியின் முகவரி இருக்கிறது. பிரதிவாதிக்குச் சம்மன் அனுப்பத் தெரிந்த நீதிமன்றம், தள்ளுபடி செய்யும் முன் வாதிக்கு நேரடியாக ஒரு கடிதம் அனுப்பட்டும். கடிதம் கிடைத்தும் வராதவரின் வழக்கைத் தாராளமாகத் தள்ளட்டும்.

அதுவரை, வழக்கு நடத்தும் உறவினர் உங்கள் வீட்டில் இருந்தால், ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரப்படும் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணை வக்கீலிடம் கேட்டு வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் செயலியில் அதைப் போட்டால் அடுத்த வாய்தா தெரியும். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் சட்டப்பணிகள் குழு இலவசமாக வக்கீல் அமர்த்தித் தரும். இதைக்கூட அறியாமல்தான் பெரியம்மா கம்மலை அடகு வைத்து வக்கீல் கட்டணம் கொடுத்திருக்கிறார்.

தாமத மன்னிப்பு மனு அடுத்த வாரம் வருகிறது. காட்பாடியிலிருந்து காலை முதல் பஸ்ஸில் நானும் போகிறேன்.