ஜெர்மனி வேலை விசாவுக்கு லட்சங்களைக் கட்டாதீர்கள்

ஜெர்மனிக்கு வேலைக்கு வர நினைக்கும் பிள்ளைகளுக்காகவும், அவர்களுக்காக நகையை அடகு வைக்கத் தயாராக இருக்கும் பெற்றோருக்காகவும் இதை எழுதுகிறேன். நீளமான பதிவுதான். பொறுமையாகப் படியுங்கள்.

என் இன்பாக்ஸுக்கு ஒரே கேள்வி திரும்பத் திரும்ப வருகிறது. "அண்ணா, இங்க ஒரு கன்சல்டன்சில ஜெர்மனி வொர்க் விசா வாங்கித் தர்றோம்னு சொல்றாங்க. நாலு லட்சம் ஆகுமாம், பாதி இப்பவே கட்டணுமாம். கட்டலாமா?" கேட்பவர்கள் படித்தவர்கள். நாலைந்து வருடம் நல்ல வேலையில் இருப்பவர்கள். தான் வேலை பார்க்கும் கம்பெனியில் கோடிக்கணக்கான ரூபாய் ப்ராஜெக்ட்டைக் கையாளும் ஆள், விசா என்று வந்ததும் அறிமுகமே இல்லாத ஒருவரிடம் ஒரிஜினல் சான்றிதழ்களைக் கொடுத்துவிட்டு வருகிறார். எனக்கு இதுதான் தாங்கவில்லை.

என் பதில் எப்போதும் ஒன்றுதான். கட்டாதீர்கள். ஏன் என்று சொல்கிறேன்.

பட்டதாரிகள் ஜெர்மனியில் வேலை பார்க்க வாங்கும் அனுமதிக்குப் பெயர் ப்ளூ கார்டு. அதில் ஜெர்மன் தூதரகம் முக்கியமாகப் பார்ப்பது நான்கு விஷயங்களை. ஜெர்மனியில் உள்ள நிறுவனம் ஒன்று உங்களுக்கு வேலை கொடுத்திருக்கிறதா? அது பட்டப்படிப்புத் தரத்துக்கு ஏற்ற வேலையா? உங்கள் பட்டம் அங்கே செல்லுமா? சம்பளம் சட்டம் சொல்லும் அளவைத் தொடுகிறதா? இந்த நான்கில் எதை ஓர் ஏஜென்ட்டால் மாற்ற முடியும்? வேலையை இன்டர்வியூவில் நீங்கள்தான் வாங்க வேண்டும். பட்டம் நீங்கள் ஏற்கெனவே வாங்கியது. சம்பளத்தை முடிவு செய்வது நிறுவனம். மிச்சம் இருப்பது படிவம் நிரப்புவது. ஆங்கிலத்தில் மின்னஞ்சல் எழுதத் தெரிந்த யாரும் ஒரு வார இறுதியில் முடித்துவிடக்கூடிய வேலை அது. 2025 ஜனவரியிலிருந்து விண்ணப்பத்தை இணையத்திலேயே பதிவேற்ற வசதி வந்துவிட்டது. தேசிய விசாவுக்கான கட்டணம் 75 யூரோ. விசா விண்ணப்பங்களை வாங்கும் விஎஃப்எஸ் மையத்துக்குச் சேவைக் கட்டணம் தனியாக உண்டு, அது பெரிய தொகை இல்லை. இதற்கு எங்கிருந்து வந்தது நாலு லட்சம்?

சம்பள விஷயத்தில் மட்டும் கவனமாக இருங்கள். 2025-இல் பொதுவான வரம்பு ஆண்டுக்கு 48,300 யூரோவாக இருந்தது. 2026-க்கு 50,700 யூரோ. ஐடி, பொறியியல், மருத்துவம் போன்ற ஆள் பற்றாக்குறைத் துறைகளுக்கும், படிப்பு முடித்து மூன்று ஆண்டுக்குள் இருப்பவர்களுக்கும் அதைவிடக் குறைவு, 2026-இல் 45,934 யூரோ 20 சென்ட். சென்ட் வரைக்கும் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஜெர்மனியின் ஓய்வூதியக் காப்பீட்டில் சந்தா பிடிக்கும் சம்பளத்துக்கு ஓர் உச்சவரம்பு இருக்கிறது, அதிலிருந்து விகிதம் போட்டு ஒவ்வொரு ஆண்டும் இந்தத் தொகையைக் கணக்கிடுகிறார்கள். ஆண்டு பிறந்தால் தொகை மாறும். போன வருட யூடியூப் வீடியோவைப் பார்த்துவிட்டு 'எனக்குத் தகுதி இருக்கு' என்று உட்கார்ந்திருக்காதீர்கள். நிறுவனம் சொல்லும் சம்பளம் வரம்பை ஒட்டியே இருந்தால், விண்ணப்பம் அடுத்த ஆண்டுக்குப் போகும் வாய்ப்பு இருக்கிறது என்று சொல்லி, கொஞ்சம் கூட்டித் தரச் சொல்லி எச்ஆரிடம் கேளுங்கள். கூச்சப்பட இதில் ஒன்றும் இல்லை.

அப்புறம், இது வரிக்கு முந்தைய சம்பளம். தனி ஆளாக இருந்தால் வரி, மருத்துவக் காப்பீடு, ஓய்வூதியம் எல்லாம் போக ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்குதான் கைக்கு வரும். யூரோவை நூறால் பெருக்கி ஊரில் சொல்லிக்கொள்வதற்கு முன்னால் இதைக் கணக்குப் போட்டுவிடுங்கள்.

பட்டம் செல்லுமா என்பதைத் தெரிந்துகொள்ள அனாபின் என்ற தளம் இருக்கிறது. ஜெர்மன் அரசுத் தரப்பு நடத்துவது, இலவசம். பக்கம் முழுக்க ஜெர்மன் மொழியில் இருப்பதைப் பார்த்து மிரள வேண்டாம், பிரவுசரிலேயே மொழிபெயர்த்துக்கொள்ளலாம். இந்தியாவைத் தேர்ந்து அண்ணா பல்கலைக்கழகத்தைத் தேடினால் பக்கத்தில் எச் பிளஸ் என்று இருக்கும். அங்கீகரிக்கப்பட்ட உயர்கல்வி நிறுவனம் என்று அர்த்தம். பிறகு இன்னொரு பக்கத்தில் உங்கள் பட்டத்தின் பெயரைத் தேட வேண்டும். இரண்டு பக்கத்தையும் பிரிண்ட் எடுத்து விண்ணப்பத்தோடு வைக்க வேண்டும். தங்கள் பொறியியல் கல்லூரியின் பெயர் பட்டியலில் இல்லை என்று பதறுகிறவர்கள் நிறையப் பேர். இணைப்புக் கல்லூரியில் படித்திருந்தால் பட்டத்தை வழங்கியது பல்கலைக்கழகம். பட்டச் சான்றிதழின் மேலே எந்தப் பெயர் அச்சாகியிருக்கிறதோ அதைத் தேடுங்கள். எச் பிளஸ் மைனஸ் என்று வந்தாலோ, பட்டத்தின் பெயரே கிடைக்காவிட்டாலோ, பான் நகரில் உள்ள வெளிநாட்டுக் கல்விக்கான மைய அலுவலகத்துக்கு நீங்களே விண்ணப்பித்து மதிப்பீட்டுச் சான்று வாங்கலாம். கட்டணம் 208 யூரோ. எனக்குத் தெரிந்த ஒரு பையனிடம் இதே அனாபின் பக்கத்தை பிரிண்ட் எடுத்துக் கொடுத்துவிட்டு, 'டிகிரி இவால்யுவேஷன்' என்று நாற்பதாயிரம் ரூபாய் வாங்கியிருக்கிறார்கள்.

பட்டம் முடிக்காதவர்களுக்கும் ஒரு செய்தி. அரியர் தேங்கி டிகிரியை விட்டுவிட்டு, ஆனால் ஐடியில் கெட்டிக்காரர்களாக வேலை பார்ப்பவர்கள் நம்மூரில் நிறைய. 2023 நவம்பரில் ஜெர்மனி சட்டத்தை மாற்றியது. கடந்த ஏழு ஆண்டில் குறைந்தது மூன்று ஆண்டு பட்டதாரிக்கு ஈடான ஐடி அனுபவம் இருந்தால், பட்டம் இல்லாமலேயே ப்ளூ கார்டுக்கு விண்ணப்பிக்கலாம். அனுபவக் கடிதத்தில் என்ன வேலை செய்தீர்கள் என்பது விவரமாக இருக்க வேண்டும், வெறும் தேதியும் பதவிப் பெயரும் போதாது. இந்த வழி இருப்பதே தெரியாமல் போலிப் பட்டம் வாங்கப் போனவர்களைப் பற்றிக் கேள்விப்பட்டபோது எனக்கு வயிறு எரிந்தது. பொய்யான ஆவணம் கொடுத்து விசா கேட்பது ஜெர்மன் சட்டப்படி சிறைத்தண்டனைக்குரிய குற்றம். ஏற்பாடு செய்து கொடுத்தவர் தூதரகத்தில் உங்கள் பக்கத்தில் வந்து நிற்க மாட்டார்.

இப்போது நம் ஆட்களுக்கென்றே உள்ள ஒரு சிக்கலுக்கு வருகிறேன். பெயர். பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலில் கார்த்திக் எஸ் என்று இருக்கும். பட்டச் சான்றிதழில் எஸ் முன்னால் போயிருக்கும். பாஸ்போர்ட்டில் சிலருக்கு அப்பா பெயர் விரிந்து குடும்பப் பெயர் கட்டத்தில் நிற்கும், சிலருக்கு அந்தக் கட்டமே காலியாக இருக்கும். நமக்கு இது சாதாரணம். நம்மிடம் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது, அதைச் சாதியோடு சேர்த்து உதறிய ஊர் நம்முடையது, அதில் எனக்குப் பெருமையும் உண்டு. ஆனால் அங்கே உட்கார்ந்து கோப்பைப் பார்க்கும் அதிகாரிக்கு மூன்று தாளில் மூன்று ஆட்கள் தெரிவார்கள். எனவே முதல் விதி, வேலை ஒப்பந்தத்தில் பாஸ்போர்ட்டில் உள்ளபடியே, எழுத்து மாறாமல், பெயர் இருக்க வேண்டும். ஆஃபர் வந்தவுடன் எச்ஆருக்குப் பாஸ்போர்ட் பக்கத்தை அனுப்பி இதைச் சரிபார்க்கச் சொல்லுங்கள். இன்ஷியல் விளக்கத்துக்கு ஒரு பக்கக் கடிதம் எழுதி வையுங்கள். எஸ் என்பது அப்பாவின் பெயரின் முதல் எழுத்து, தமிழ்நாட்டில் இதுதான் வழக்கம், எல்லாச் சான்றிதழும் ஒரே ஆளுடையவை என்று நாலு வரி போதும். கல்யாணம் ஆனவர்கள் திருமணப் பதிவுச் சான்றிதழிலும் இதே கண்ணோடு பாருங்கள். மனைவி பெயருக்குப் பின்னால் அவர் அப்பா பெயரா, கணவர் பெயரா என்பது ஒவ்வொரு தாளிலும் ஒவ்வொரு மாதிரி இருந்தால், விசா கிடைத்து அங்கே போன பிறகும் அந்தச் சிக்கல் கூடவே வரும். பதிவு அலுவலகம், வங்கி, குழந்தையின் பிறப்புச் சான்றிதழ் என்று ஒவ்வோர் இடத்திலும் விளக்க வேண்டியிருக்கும்.

இதையெல்லாம் முதல் தடவையிலேயே சரியாகச் செய்யச் சொல்வதற்கு இப்போது இன்னும் ஒரு காரணம் சேர்ந்திருக்கிறது. முன்பெல்லாம் விசா மறுக்கப்பட்டால் தூதரகத்துக்கே மறுபரிசீலனை கேட்டு எழுதலாம், அதற்குக் கட்டணம் கிடையாது. 2025 ஜூலை 1 முதல் உலகம் முழுக்க அந்த வழியை எடுத்துவிட்டார்கள். இனி புதிதாக விண்ணப்பிக்க வேண்டும், அல்லது பெர்லின் நிர்வாக நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். உங்கள் கோப்பில் என்ன இருக்கிறது என்று உங்களுக்கே தெரியாமல் இன்னொருவர் அனுப்பினால், மறுப்புக் கடிதம் வரும்போது எதைத் திருத்துவது என்றுகூடத் தெரியாது.

ஏஜென்ட்டுகள் அதிகம் விற்பது ப்ளூ கார்டை அல்ல, 2024 ஜூன் 1-இல் வந்த வாய்ப்பு அட்டையை. 'ஜாப் விசா, கன்ஃபார்ம்' என்று விளம்பரம் போடுகிறார்கள். அது வேலை விசாவே இல்லை, வேலை தேடுவதற்கான அனுமதி. படிப்பு, அனுபவம், மொழி, வயது போன்றவற்றுக்குத் தரும் புள்ளிக் கணக்கில் ஆறு புள்ளி எடுத்தால் ஓர் ஆண்டு வரை தங்கித் தேடலாம், அதுவரை வாரத்துக்கு 20 மணி நேரம் பகுதி நேர வேலை பார்க்கலாம். செலவுக்குப் பணம் இருக்கிறது என்று காட்ட, மாதாமாதம் கொஞ்சம் கொஞ்சமாக மட்டும் எடுக்க முடிகிற முடக்கக் கணக்கில் ஆண்டுக்கு 13,000 யூரோவுக்கு மேல் போட வேண்டும். ஜெர்மன் பேசத் தெரியாமல், கடன் வாங்கி அந்தக் கணக்கை நிரப்பிவிட்டு வருகிறவர்கள் என்ன பாடுபடுகிறார்கள் என்பதை இங்கே ஜெர்மனியில் பார்க்கிறேன். பகலில் உணவு டெலிவரி, ராத்திரி வேலை விண்ணப்பம். சிலர் ஜெயிக்கிறார்கள். உங்கள் துறையில் தேவை இருந்து, பி1 அளவுக்காவது (ஏ1 தொடக்க நிலை, பி1 இடைநிலை, பி2 அதற்கும் மேல்) ஜெர்மன் மொழி இருந்தால் யோசியுங்கள், இல்லையென்றால் ஊரில் இருந்தபடியே தேடுவது நல்லது.

இன்னொரு விளம்பரம், 'ஜெர்மனி 90,000 இந்தியர்களை எடுக்கிறது'. 2024 அக்டோபரில் அப்போதைய ஜெர்மன் பிரதமர் (சான்சலர்) ஓலாஃப் ஷோல்ஸ் டெல்லிக்கு வந்தபோது, திறன் பணியாளர்களுக்கான ஆண்டு விசா எண்ணிக்கையை 20,000-லிருந்து 90,000 வரை உயர்த்துவதாக அறிவிப்பு வந்தது உண்மை. ஆனால் அது காலியாக இருக்கும் 90,000 வேலைகளின் பட்டியல் அல்ல. 'சீக்கிரம் கட்டுங்க, கோட்டா முடியப்போகுது' என்று யாராவது சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள்.

சரி, பணத்தைச் செலவழிக்கவே கூடாதா என்றால், மொழிக்குச் செலவழியுங்கள். ப்ளூ கார்டு வாங்க ஜெர்மன் தேவையில்லை என்பது சட்டம். ஆனால் ப்ளூ கார்டில் இருப்பவர் பி1 முடித்திருந்தால் 21 மாதத்தில் நிரந்தர வசிப்புரிமைக்கு விண்ணப்பிக்கலாம், ஏ1 மட்டும் என்றால் 27 மாதம். சென்னை நுங்கம்பாக்கத்தில் ஜெர்மன் கற்றுத் தரும் மேக்ஸ் முல்லர் பவன் இருக்கிறது. ஏஜென்ட் கேட்கும் தொகையில் ஒரு பகுதி போதும், ஊரை விட்டுக் கிளம்பும் முன் நல்ல அடித்தளம் போட்டுவிடலாம். இன்னொன்று, ப்ளூ கார்டுக்காரரின் கணவனோ மனைவியோ சேர்ந்து வருவதற்கு ஏ1 சான்றிதழ் கட்டாயமில்லை, வந்ததும் வேலையும் பார்க்கலாம். இதையும் மறைத்து 'ஸ்பௌஸ் பேக்கேஜ்' விற்கிறார்கள்.

நேரம் மிச்சமாக வேண்டும் என்றால் அதற்கும் வழி நிறுவனத்திடம்தான் இருக்கிறது. விரைவு நடைமுறை என்று ஒன்றை அவர்கள் ஊரிலுள்ள வெளிநாட்டவர் அலுவலகத்தில் 411 யூரோ கட்டித் தொடங்கலாம். எச்ஆரிடம் கேட்டுப் பாருங்கள். சிறிய நிறுவனங்களுக்கு இப்படி ஒன்று இருப்பதே தெரியாது.

ஒப்பந்தத்தில் சோதனைக் காலம் எவ்வளவு என்று பார்த்துவிட்டு மற்ற முடிவுகளை எடுங்கள். அதிகபட்சம் ஆறு மாதம் இருக்கலாம், அந்தக் காலத்தில் இரண்டு வார நோட்டீஸில் அனுப்பிவிடலாம். அதற்குள் ஊரில் வீட்டை விற்று, குழந்தைக்குப் பள்ளி டிசி வாங்கி, எல்லாப் பாலத்தையும் இடித்துவிட்டு வராதீர்கள். வேலை போய்விட்டால் அன்றைக்கே ப்ளூ கார்டு செல்லாமல் போவதில்லை. இரண்டு வாரத்துக்குள் வெளிநாட்டவர் அலுவலகத்துக்குத் தெரிவிக்க வேண்டும், வேறு வேலை தேட அவகாசம் கேட்கலாம். பயந்து மறைப்பதுதான் ஆபத்து.

கடைசியாக நர்ஸ்களைப் பற்றி. எனக்கு அதிகக் கோபம் இங்கேதான். செவிலியர் பணி ஜெர்மனியில் சட்டத்தால் முறைப்படுத்தப்பட்டது. அனாபின் பிரிண்ட் போதாது. அந்தந்த மாநில அதிகாரிகள் நம் பாடத்திட்டத்தை ஒப்பிட்டு, எது குறைகிறது என்று எழுதித் தருவார்கள், அதைப் பயிற்சியாலோ தேர்வாலோ ஈடுகட்ட வேண்டும். பொதுவாக பி2 மொழித் தேர்ச்சியும் கேட்பார்கள். இது நீண்ட பாதை, ஆனால் நேர்மையான பாதை. மருத்துவமனைகள் ஆள் கிடைக்காமல் தவிக்கின்றன, ஆள் எடுத்துக் கொடுக்கும் ஏஜென்சிக்குப் பணம் கொடுக்க அவை தயாராகவும் இருக்கின்றன. நேர்மையான ஆள்சேர்ப்புக்கென்று ஜெர்மன் அரசு ஒரு தர முத்திரையே வைத்திருக்கிறது. செலவு வேலை தருபவருடையது, நர்ஸிடம் வாங்கக் கூடாது என்பதுதான் அதன் அடிப்படை. அப்படியிருக்க, மருத்துவமனையிடமும் வாங்கிக்கொண்டு, விருதுநகரிலோ நாகர்கோவிலிலோ உள்ள ஒரு பெண்ணிடமும் லட்சக்கணக்கில் வாங்கி, 'இரண்டு வருடத்துக்குள் வேலையை விட்டால் இவ்வளவு யூரோ திருப்பித் தர வேண்டும்' என்று கையெழுத்தும் வாங்குகிறார்கள். அந்தத் தாள் ஜெர்மன் மொழியில் இருக்கிறது. அவளுக்கு அதைப் படித்துச் சொல்ல ஆளில்லை.

இந்தியச் சட்டத்திலும் இதற்கு வரம்பு உண்டு. வெளிநாட்டு வேலைக்கு ஆள் எடுப்பவர் வெளியுறவு அமைச்சகத்தில் பதிவு பெற்றிருக்க வேண்டும். அதிகபட்சமாக 30,000 ரூபாயும் ஜிஎஸ்டியும்தான் வாங்கலாம், அதற்கு ரசீது தர வேண்டும். பதிவு எண்ணை அந்த அமைச்சகத்தின் இமைக்ரேட் இணையதளத்தில் சரிபார்க்கலாம். 'நாங்க ரெக்ரூட்டர் இல்ல, கன்சல்டன்சி' என்று சொல்லி இந்த வரம்பிலிருந்து நழுவுகிறவர்களைத்தான் முதலில் சந்தேகிக்க வேண்டும்.

தமிழ்நாடு அரசிடம் எனக்கு ஒரு கோரிக்கை உண்டு. அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனம் என்ற அரசு நிறுவனம் 1978-லிருந்து இருக்கிறது. ஒவ்வொரு மாவட்டத்திலும் ஒரு மேசை, அதில் ஜெர்மன் ஒப்பந்தத்தைப் படித்துத் தமிழில் விளக்கக்கூடிய ஒருவர், வாரத்தில் ஒரு நாள் உட்கார்ந்தால் போதும். நர்சிங் கல்லூரிகளில் இறுதியாண்டு மாணவிகளுக்கு ஒரு மணி நேரம் இதைச் சொல்லிக் கொடுங்கள். பெரிய பட்ஜெட் தேவையில்லை.

அது வரும் வரை, ஜெர்மன் ஒப்பந்தம் கையில் இருக்கிறவர்கள் கையெழுத்துப் போடுவதற்கு முன் எனக்கு இன்பாக்ஸில் அனுப்புங்கள். பாஸ்போர்ட் எண்ணையும் முகவரியையும் மறைத்துவிட்டு அனுப்புங்கள், கமெண்டில் போடாதீர்கள். வேலை முடிந்து வந்து படித்துவிட்டுப் பதில் சொல்கிறேன். இங்கே இருக்கும் வேறு நண்பர்களும் படித்துச் சொல்லத் தயாராக இருந்தால் கீழே ஒரு வார்த்தை எழுதுங்கள்.