பெயரை மறைத்தால் ஆள் மறைந்துவிடுவாரா?

யாழ்ப்பாணத்தில் இப்போது அலுவலக ஊழலை அம்பலப்படுத்தும் பதிவுகளுக்குக் குறைவில்லை. நல்லதுதான். ஆனால் காசடித்தவர் கதிரையில் இருக்க, உள்ளிருந்து கடதாசி தந்தவர் மாட்டுப்படுகிறார். பிழை பெரும்பாலும் எழுதுபவரில்.

‘பெயர் குறிப்பிட விரும்பாத பெண் உத்தியோகத்தர்’ என்று எழுதிவிட்டு, கிராம அலுவலர் பிரிவையும் சேர்த்துப் போட்டால் மறைக்க என்ன மிச்சம்? ஒரு பிரிவில் அப்படி இரண்டு மூன்று பேர்தான் இருப்பார்கள். கொழும்பில் எடுபடும் மறைப்பு இங்கே தேத்தண்ணிக் கடை வரைக்கும் தாங்காது.

ஆவணத்தைப் படம் எடுத்துப் போடுவது அதைவிட மோசம். கோவையின் (ஃபைலின்) பக்க இலக்கம், ஓரத்தில் பேனையால் போட்ட சரி அடையாளம், கடிதம் கிடைத்த திகதி முத்திரை, ஸ்டேப்ளர் துளை எல்லாம் அது யாருடைய மேசைப் பிரதி என்று சொல்லிவிடும். போனில் மார்க்கரால் கறுப்படித்த இடம் வெளிச்சத்தைக் கூட்டினால் சிலவேளை தெரியும். பிடிஎஃபில் கறுப்புப் பெட்டி வைத்தாலும் அடியில் எழுத்து அப்படியே கிடக்கும், கொப்பி பண்ணி எடுக்கலாம். கலர் லேசர் பிரிண்டர்கள் பல, கண்ணுக்கு எளிதில் தெரியாத மஞ்சள் புள்ளிகளாகத் தங்கள் தொடர் இலக்கத்தைத் தாளில் பதிக்கின்றன. விஷயத்தைத் தட்டச்சு செய்து போடுங்கள். லைக் குறையும், குறையட்டும்.

அதே ஆவணத்தை 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கினால் தந்தவர் பக்கம் பார்வை போகாது. ஆனால் கோவை இலக்கத்தையும் திகதியையும் துல்லியமாக எழுதிக் கேட்டீர்களோ, உள்ளுக்குள்ளிருந்து கசிந்தது உடனே விளங்கிவிடும். ஒரு வீதி ஒப்பந்தம் தேவையென்றால் அந்த வருடத்து வீதி ஒப்பந்தங்கள் எல்லாவற்றையும் கேளுங்கள். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் அதே நிறுவனத்தின் குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடம் மேன்முறையீடு, பிறகு தகவல் அறியும் உரிமை ஆணைக்குழு. அவசரக்காரருக்கு இது சரிவராது.

அதே சட்டத்தின் 40ஆம் பிரிவு, தகவல் தந்த உத்தியோகத்தரைத் தண்டனையிலிருந்து காப்பாற்றுமே என்பார்கள். சட்டப்படி வெளியிடக்கூடிய தகவலைத் தந்தவருக்கு மட்டும்தான் அது. இடமாற்றக் கடிதத்தில் ‘தண்டனை’ என்று எவரும் எழுதுவதுமில்லை.

குற்றம் சாட்டப்படுபவரிடம் விளக்கம் கேட்பதிலும் இதே கவனம் வேண்டும். இரவு 9 மணிக்குப் போன் எடுத்து 10 மணிக்குப் பதிவு போடுவது விளக்கம் கேட்டதாகாது. எழுத்தில் கேளுங்கள், இரண்டு நாளாவது கொடுங்கள், ஆவணத்தின் வசனத்தை அப்படியே கேள்வியில் வைக்காதீர்கள்.

அந்தக் கடதாசியைப் பார்த்தவர்களே மூன்று பேர் என்றால்? தந்தவரிடம் திரும்பப் போய், மாட்டுப்படக்கூடும் என்று சொல்லிக் கேட்க வேண்டும். அவர் வேண்டாமென்றால், வேறு வழியில் கிடைக்கும்வரை செய்தி லாச்சிக்குள் இருக்கட்டும்.