ஜோகோ அன்வர் வெறும் பேய்ப்பட ஆளா?

'இந்தோனேசியத் திரைப்பட இயக்குநர் ஜோகோ அன்வருக்குப் பேய்க்கதை தவிர வேறெதுவும் எழுத வராது, 2017-இல் வந்த 'பெங்காப்டி செத்தான்' (சாத்தானின் அடிமைகள்) என்ற பேய்ப்படம்தான் அவரது முதல் படம், அதன் கதையும் முழுக்க அவரே யோசித்தது' என்று ஒரு பதிவு சுற்றுகிறது. மூன்றுமே தப்பு.

மெடானில் பிறந்து, பாண்டுங்கில் விமானப் பொறியியல் படித்து, ஜகார்த்தா போஸ்ட் நாளிதழில் பட விமர்சனம் எழுதிக்கொண்டிருந்தவர் அவர். இயக்குநர் நியா டினாட்டாவுடன் சேர்ந்து எழுதிய அரிசான் படம் 2003-இல் வந்தது. அரிசான் என்றால் நம்மூர் குலுக்கல் சீட்டு மாதிரிதான், மாதாமாதம் கூடிப் பணம் போட்டுப் பெயர் எடுப்பார்கள். அந்தக் கூட்டத்தில் சிரித்துப் பேசும் ஜகார்த்தா பணக்காரர்கள் என்னென்ன மறைக்கிறார்கள் என்பதுதான் கதை. பேயெல்லாம் கிடையாது.

இயக்குநராக முதல் படம் 2005-இல் வந்த ஜஞ்ஜி ஜோனி. தியேட்டருக்குத் தியேட்டர் படப்பெட்டி தூக்கிக்கொண்டு ஓடும் பையன், பெட்டியை நேரத்துக்குச் சேர்த்தால்தான் பெயர் சொல்வேன் என்கிறாள் ஒரு பெண். அவ்வளவுதான் கதை, எனக்கு அவர் படங்களில் இன்னும் பிடித்தது இதுதான்.

அப்புறம் பெங்காப்டி செத்தான், அது 1980-இல் சிசுவோரோ கவுதாமா புத்ரா எடுத்த படத்தின் மறு ஆக்கம். ஆனால் சும்மா நகலெடுக்கவில்லை. படுத்த படுக்கையாகக் கிடக்கும் முன்னாள் பாடகி மணியடித்துக் கூப்பிடுகிறாள், வைத்தியச் செலவுக்கு வீடே அடமானத்தில் இருக்கிறது. பேய் வருவதற்கு முன்னாலேயே அந்தக் குடும்பத்தைக் கடன் பிடித்துவிடுகிறது.