கல் விட்டவர் நிர்வாகத்துக்கு வரக் கூடாதா?

அந்தப் பதிவை நீங்களும் பார்த்திருப்பீர்கள். பனித்தரையில் கல்லைச் சறுக்கிவிட்டு ஆடும் கர்லிங் விளையாட்டின் பழைய வீரர் டேவிட் மர்டாக்கின் படத்தைப் போட்டு, "பனியில் பெருக்கிக்கொண்டிருந்தவருக்கு கனடாவில் டைரக்டர் பதவியாம்" என்று ஒரே சிரிப்பு. நம் நண்பர்கள் பலரும் போய்ச் சிரித்துவிட்டு வந்திருக்கிறார்கள். அதுதான் மனதுக்குக் கஷ்டமாக இருக்கிறது.

மர்டாக் ஸ்கிப், அதாவது அணித்தலைவர். கல் சறுக்கி வரும் வழியில் பனியைப் பெருக்குவது பெரும்பாலும் மற்றவர்கள். ஏறக்குறைய 20 கிலோ கிரானைட் கல் எந்த வழியில் வர வேண்டும் என்று எதிர்முனையில் நின்று காட்டுவதும், கடைசிக் கல்லை விடுவதும் ஸ்கிப்பின் வேலை. ஆட்டம் தோற்றால் பழியும் அவருக்குத்தான்.

ஸ்காட்லாந்தில் லாக்கர்பி என்ற ஊர்க்காரர். ஸ்காட்லாந்துக்காக 2006, 2009 இரண்டு வருடமும் உலக சாம்பியன். இரண்டு இறுதியிலும் தோற்றது கனடா! ஆனால் பிரிட்டனுக்காக ஆடிய ஒலிம்பிக் அவரைப் படுத்தி எடுத்தது. 2006 டுரினில் நான்காம் இடம். 2010 வான்கூவரில் அரையிறுதிக்கே வர முடியவில்லை. 2014 சோச்சியில் அரையிறுதிக்கு யார் என்று முடிவு செய்யும் டைபிரேக்கரையும் அரையிறுதியையும் கடைசிக் கல்லில் ஜெயித்து, இறுதியில் கனடாவிடம் 9-3 என்று தோற்று வெள்ளி வாங்கினார்.

"9-3 தோற்றவரிடம் கற்றுக்கொள்ள என்ன இருக்கிறது" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். நிறைய இருக்கிறது ஐயா. எட்டு வருடம் காத்திருந்து இறுதிவரை வந்தவருக்குத்தான் அடுத்தவன் கை எப்போது நடுங்கும் என்று தெரியும். அவர் பயிற்சியாளர் குழுவில் இருந்த 2022 பெய்ஜிங்கில் பிரிட்டன் மொத்தமாக வாங்கியதே இரண்டு பதக்கம். பெண்கள் தங்கம், ஆண்கள் வெள்ளி, இரண்டுமே கர்லிங்கில். அதற்கு அடுத்த வருடம்தான் கனடாவின் கர்லிங் அமைப்பு அவரை டைரக்டராகக் கூப்பிட்டது. சும்மா தூக்கிக் கொடுத்த பதவி இல்லை.

வெளிநாட்டுக்காரராம். இங்கே கனடாவுக்குப் பிழைக்க வந்த நாம் பேசுகிற பேச்சா இது?

"நல்ல ஆட்டக்காரர் எல்லாம் நல்ல நிர்வாகி ஆகிவிடுவாரா?" ஆக வேண்டும் என்று இல்லைதான். ஆனால் ஆடாதவர்கள் நிர்வாகம் செய்தபோது இந்தக் கேள்வியை யாராவது கேட்டீர்களா? ஆடியவர் உட்கார்ந்தால் மட்டும் ஏன் தகுதிச் சான்றிதழ் கேட்கிறீர்கள்?

என் மகளுக்கு இங்கே கர்லிங் சொல்லிக்கொடுப்பவரும் பழைய ஆட்டக்காரர்தான். முதல் நாள் அவர் கல்லைப் பற்றிப் பேசவே இல்லை. பனியில் மண்டியிட்டு, அவள் உதைத்துக் கிளம்பும் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். "குதிகால் தூக்குகிறது, அதனால்தான் கல் இடப்பக்கம் போகிறது" என்றார். அத்தனை பெற்றோர் நின்று பார்த்தோம், ஒருவர் கண்ணிலும் அது படவில்லை.

நான் ஊரில் கல்லூரிக்கு வாலிபால் ஆடியவன். எங்கள் அணியைத் தேர்வு செய்த பெரியவர் பந்தைத் தொட்டதே கிடையாது. முதல் நாள் இரவு முழுக்க ரயிலில் நின்றுகொண்டே வந்த பையன்களை விடிந்ததும் ட்ரையலுக்கு இறக்கிவிட்டு, "குதிக்க மாட்டேன் என்கிறான்" என்று எழுதிவைத்தார். அடிப்பவருக்குப் பந்தை எடுத்துக் கொடுக்கும் எங்கள் செட்டரின் பெயர் பட்டியலிலிருந்து அப்படித்தான் போனது. அவன் அதற்குப் பிறகு ஆடவே இல்லை. நின்று வந்த கால் எப்படி இருக்கும் என்று ஆடிய ஒருவர் அந்த மேஜையில் இருந்திருந்தால் சொல்லியிருப்பார். இதையும் போய் அந்தப் பதிவின் கீழே சிரித்து வையுங்கள்.