மரத்தக்காளி அஹியில் பழம்தான் முதலில்

"காரமே இல்லையே, இதற்கா இவ்வளவு பெருமை?"

சென்ற ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்திருந்த உறவினர் ஒருவர், நான் அரைத்து வைத்திருந்த மரத்தக்காளி அஹியை விரல் நுனியில் தொட்டு நாக்கில் வைத்துவிட்டுக் கேட்டது இது. அவர் மேல் எனக்குக் கோபம் எதுவும் இல்லை. ஆனால் அந்தக் கேள்வி நான்கு நாட்களாக என்னை விடவில்லை. பதில் ஒரு வரியில் அடங்காது என்பதால் இங்கே எழுதுகிறேன். நீளம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

தென் அமெரிக்காவின் ஆண்டீஸ் மலை நாடுகளில் மிளகாய்க்கும் அஹி என்றுதான் பெயர், அந்த மிளகாயைச் சேர்த்து அரைத்த சாஸுக்கும் அஹி என்றுதான் பெயர். ஈக்வடாரில் எந்தச் சாப்பாட்டுக் கடைக்குள் நுழைந்தாலும், நீங்கள் எதையும் கேட்பதற்கு முன்பே மேசையில் ஒரு சின்னக் கிண்ணமும் ஒரு சின்னக் கரண்டியும் இருக்கும். அதற்குத் தனியாகக் காசு கிடையாது. மலைப்பகுதிக் கடைகளில் பெரும்பாலும் அந்தக் கிண்ணத்தில் இருப்பது மரத்தக்காளி அஹி. அந்தப் பழத்தை அவர்கள் 'தொமாத்தே தே ஆர்போல்' என்கிறார்கள். சொல்லுக்குச் சொல் பார்த்தால் மரத்தக்காளியேதான். நீலகிரியிலும் கொடைக்கானலிலும் நம் மக்கள் அழைக்கும் பெயரும் அதுவே. நியூசிலாந்துக்காரர்கள் மட்டும் 1967இல் விற்பனைக்காக அதற்கு டமரில்லோ என்று ஒரு புதுப் பெயர் சூட்டினார்கள்.

வேலை நிமித்தமாக ஈக்வடாரின் தலைநகரான கீட்டோவில் இரண்டு ஆண்டுகள் இருந்தேன். கடல் மட்டத்திலிருந்து சுமார் 2,850 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஊர். நான் மாடியில் குடியிருந்தேன், வீட்டுக்கார அம்மா கீழே. அவருக்கு அப்போதே எழுபது வயதைத் தாண்டியிருந்தது. என்னை 'மிஹிதா' என்று கூப்பிடுவார். நம் ஊர்க் கிழவிகள் 'கண்ணு' என்கிறார்களே, அதே குழைவு. அஹியைக்கூட அவர் வெறும் அஹி என்று சொன்னதில்லை, 'அஹிசித்தோ' என்பார். அந்த மலைப்பகுதி மக்களின் பேச்சே அப்படித்தான். பிரியமான எதையும் சின்னதாக்கித்தான் சொல்வார்கள்.

சனிக்கிழமை காலையில் இன்யாக்கித்தோ சந்தைக்கு அவருடன் போவேன். முட்டை வடிவத்தில், நீண்ட காம்போடு, கருஞ்சிவப்பில் குவித்து வைத்திருப்பார்கள். அவர் ஒவ்வொரு பழத்தையும் கையில் எடுத்துக் காம்படியில் கட்டைவிரலால் மெல்ல அழுத்துவார். லேசாக உள்வாங்க வேண்டும். கல்லாக இருந்தால் துவர்க்கும், குழைந்திருந்தால் புளிப்பு போய்விட்டிருக்கும். காம்பு உதிர்ந்த பழத்தை வாங்கவே மாட்டார். ஏன் என்பது வீட்டுக்கு வந்து சமையலறையில் நின்றபோதுதான் எனக்குப் புரிந்தது.

பழத்தின் அடியில் கத்தியால் ஒரு கூட்டல் குறி கீறுவார். கொதிக்கும் தண்ணீரில் ஐந்து நிமிடம். கீறிய இடத்தில் தோல் சுருண்டு வெடித்ததும் எடுத்துக் குளிர்ந்த நீரில் போடுவார். பிறகு காம்பைப் பிடித்துக்கொண்டு தோலை உரித்தால், குழந்தைக்குச் சட்டை கழற்றுவதுபோல் ஒரே இழுப்பில் வந்துவிடும். தோல் கசக்கும், அதில் ஒரு துண்டுகூட உள்ளே போகக் கூடாது. உள்ளே சதை ஆரஞ்சு நிறம். நடுவில் விதைகளைச் சுற்றிக் கரும் ஊதாச் சிவப்பில் ஒரு வழவழப்பு. வாசனையில் தக்காளி இருக்கிறது, ஆனால் தக்காளி இல்லை. வாயில் வைத்தால் முதலில் புளிப்பு, அதன் பின்னால் பேஷன் பழத்தை நினைவூட்டும் ஒரு மணம், கடைசியில் நாக்கின் ஓரத்தில் ஒரு சின்னக் கசப்பு. அந்தக் கசப்பு எனக்கு மிகவும் பிடிக்கும்.

ஐந்து பழத்துக்கு இரண்டு மிளகாய். கால் டம்ளர் தண்ணீர். மிக்ஸியை விட்டு விட்டு நான்கைந்து முறை சுற்றினால் போதும். தொடர்ந்து ஓட்டினால் விதையும் அரைபட்டுக் கசப்பு கூடிவிடும். பிறகு வடிகட்டியில் ஊற்றிக் கரண்டியின் அடியால் தேய்த்து எடுப்பார். வடிகட்டாமல் அப்படியே வைப்பவர்களும் அங்கே நிறைய உண்டு. நான் வீட்டுக்கார அம்மாவின் கட்சி.

இதுவரை சொன்னது யாருக்கும் கைவரும். அவருடைய சமையலின் சூட்சுமம் வெங்காயத்தில் இருந்தது. வெங்காயத்தாளின் வெள்ளைத் தண்டை அரிசிக் குருணை அளவுக்குப் பொடியாக நறுக்குவார். அதில் உப்பைத் தூவி விரல்களால் பிசைவார். தண்ணீர் விட்டு அலசிப் பிழிவார். மறுபடியும் உப்பு, மறுபடியும் அலசல். அதன் பிறகுதான் எலுமிச்சைச் சாற்றில் பத்து நிமிடம் ஊறப் போடுவார். "வெங்காயம் கத்தக் கூடாது, மிஹிதா. பழம் பேசிக்கொண்டிருக்கும்போது குறுக்கே கத்தக் கூடாது" என்று ஒருநாள் சொன்னார். ஊறிய வெங்காயத்தையும் பொடியாக அரிந்த கொத்தமல்லித் தழையையும் அரைத்த விழுதில் கலந்து, உப்பு சரிபார்த்து, ஒரு தேக்கரண்டி எண்ணெய் விட்டுக் கிளறுவார். அவ்வளவுதான் அஹி. பிசைந்த உருளைக்கிழங்கைத் தட்டிச் சுட்ட யாப்பிங்காச்சோவின் மேலும், அவித்த மோத்தே சோளத்தின் மேலும் ஒரு கரண்டி விட்டுக்கொண்டால், வேறு எதையும் தேட வேண்டியதில்லை. விசேஷ நாளில் சோச்சோ என்ற பருப்பையும் சேர்ப்பார். அது கசப்பு நஞ்சுள்ள பருப்பு. வேகவைத்த பின்னும் நாள்கணக்கில் தண்ணீர் மாற்றி மாற்றி ஊறவைத்த பிறகுதான் சாப்பிட முடியும்.

இப்போது மிளகாய்க்கு வருகிறேன். அந்த இரண்டு மிளகாயையும் அவர் நெடுக்காகக் கீறி, உள்ளே இருக்கும் வெள்ளை நரம்பை வழித்தெடுத்துவிடுவார். விதையில்தான் காரம் என்று நம்மில் பலர் நினைக்கிறோம். உண்மையில் காரத்தைத் தரும் கேப்சைசின் உண்டாவது விதை ஒட்டியிருக்கும் அந்த வெள்ளைத் தசையில்தான். விதைக்கு ஒட்டிக்கொண்ட காரம் மட்டுமே. நரம்பை எடுத்துவிட்டால் மிளகாயின் சொந்த ருசி வெளியே வருகிறது, மிளகாய்க்குப் பழ வாசனை உண்டு என்பதே அப்போதுதான் தெரிகிறது. கடைசியில் ஊற்றும் எண்ணெய்க்கும் காரணம் இருக்கிறது. கேப்சைசின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும். எங்கோ ஓரிடத்தில் சுருக்கென்று குத்த வேண்டிய காரம், எண்ணெயில் கரைந்து விழுது முழுவதும் சமமாகப் பரவுகிறது.

காரத்தைப் பற்றி அந்த மக்களுக்கு நாம் பாடம் எடுக்க முடியுமா? மிளகாய் பிறந்த கண்டம் அது. போர்த்துகீசியர் கொண்டுவந்து சேர்த்த பிறகு, 16ஆம் நூற்றாண்டில்தான் நம் நாட்டுக்கு மிளகாயே தெரியும். அதுவரை நம்மிடம் இருந்தது மிளகு. அதனால்தான் வந்த காய்க்கு மிளகாய் என்று பெயர் வைத்தோம். ஸ்பானியர்களும் இதையேதான் செய்தார்கள். மிளகைத் தேடிக் கப்பலேறிப் போனவர்கள், அங்கே கண்ட காய்க்கு மிளகின் பெயரையே கொஞ்சம் மாற்றிப் 'பிமியெந்தோ' என்றார்கள். அஹி என்ற சொல்லும் கரீபியத் தீவுகளின் தாயினோ மக்களிடமிருந்து அவர்கள் எடுத்துக்கொண்டு போனதுதான். ஆண்டீஸ் மலையின் கெச்சுவா மொழியில் மிளகாய்க்கு 'உச்சு' என்று சொந்தப் பெயர் இருக்கிறது, அதை எந்த மிளகிடமும் கடன் வாங்கவில்லை. அந்த மலைகளை முன்பு ஆண்ட இன்கா மக்கள் நோன்பு இருக்கும்போது உப்பையும் உச்சுவையும் விலக்குவார்களாம். உப்புக்குச் சமமாக ஒன்றை வைத்திருந்தார்கள் என்றால், அது அவர்களுக்கு எவ்வளவு அன்றாடமானது என்று யோசித்துப் பாருங்கள்.

அப்படிப்பட்டவர்கள் ஐந்து பழத்துக்கு இரண்டு மிளகாய் போதும், அதிலும் நரம்பை எடுத்துவிடு என்கிறார்கள். பயத்தினால் அல்ல, நெடுநாள் பழக்கத்தினால் வந்த தெளிவு அது.

இன்று பெரிய கடைகளில் மண்டை ஓட்டுப் படம் போட்ட சாஸ் பாட்டில்களைப் பார்க்கும்போது எனக்கு உண்மையாகவே வருத்தமாக இருக்கிறது. பாட்டிலின் மேல் என்ன பழம் என்று எழுதியிருக்காது, எத்தனை லட்சம் ஸ்கோவில் என்று எழுதியிருக்கும். வில்பர் ஸ்கோவில் என்ற அமெரிக்க மருந்தியலாளர் 1912இல் உருவாக்கிய அளவு அது. மருந்து நிறுவனத்தில் வேலை பார்த்தவர் அவர். மிளகாய்ச் சாற்றைச் சர்க்கரைத் தண்ணீரில் எவ்வளவு மடங்கு கரைத்தால் காரம் நாக்குக்குத் தெரியாமல் போகிறது என்று சிலரைச் சுவைக்க வைத்துக் கணக்கிட்டார். மருந்துக்காகப் போட்ட கணக்கு அது. இன்று பெப்பர் எக்ஸ் என்ற மிளகாய்க்கு 26 லட்சத்து 93 ஆயிரம் என்று 2023இல் கின்னஸ் சாதனை அறிவிக்கும் அளவுக்கு வந்து நிற்கிறது. அந்த மிளகாயை வளர்த்தவரின் உழைப்பைக் குறை சொல்லவில்லை. ஆனால் சாப்பாட்டு மேசையில் அந்த எண்ணுக்கு என்ன வேலை? வாய் மரத்துப்போன பிறகு மாம்பழமா அன்னாசியா மரத்தக்காளியா என்று எந்த நாக்கு சொல்லும்?

என் உறவினருக்கு நான் சொல்ல நினைத்தது இதுதான். இந்தச் சாஸில் பழம்தான் முதலில் வர வேண்டும். மிளகாய் பின்னால் வந்து, பழத்தின் புளிப்பைக் கொஞ்சம் தூக்கிக் காட்டிவிட்டு ஒதுங்கிக்கொள்ள வேண்டும்.

இதை நானும் ஒரே நாளில் கற்றுக்கொள்ளவில்லை. ஊருக்குத் திரும்பிய புதிதில், கோத்தகிரி சந்தையில் மரத்தக்காளியைப் பார்த்ததும் எனக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது. ஆண்டீஸ் மலையில் 1,500 முதல் 3,000 மீட்டர் வரையிலான குளிரில் வளரும் மரம், நம் நீலகிரியின் வீட்டுக் கொல்லைகளிலும் காய்த்துத் தொங்குகிறது. விற்ற அம்மா, "சுட்டு உரிச்சு சட்னி அரைச்சுப் பாரு, அவ்வளவு நல்லா இருக்கும்" என்றார். ஒரு கிலோ வாங்கி வந்தேன். அரைக்கும்போது கை பழைய பழக்கத்தில் ஓடிவிட்டது. பூண்டு நான்கு பல், கொஞ்சம் புளி, காய்ந்த மிளகாய் எட்டு, மேலே கடுகும் கறிவேப்பிலையும் தாளித்துக் கொட்டினேன். தோசைக்கு நன்றாகத்தான் இருந்தது. வீட்டில் எல்லோரும் தட்டை வழித்துச் சாப்பிட்டார்கள். ஆனால் கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டால் அது தக்காளித் தொக்கு. ஒரு கிலோ மரத்தக்காளி அதற்குள் எங்கே போனது என்றே தெரியவில்லை. அன்று இரவு சமையலறையில் தனியாக நின்று அந்தக் கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

சந்தையில் அந்த அம்மா சொன்ன சட்னி குறைந்ததல்ல. அது மலையில் வாழ்கிறவர்களின் சமையல், அதற்கு அதன் இடம் உண்டு. ஆனால் அஹி என்று பெயர் சொல்லிச் செய்யும்போது அந்த ஊரின் கணக்கில் செய்ய வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். ஒரே ஒருமுறையாவது புளியில்லாமல், பூண்டில்லாமல், தாளிக்காமல் செய்து பாருங்கள். புளிப்பு பழத்திலேயே இருக்கிறது. அங்கே கிடைக்கும் மிளகாய் வகை நமக்குக் கிடைக்காது. அதற்குப் பதிலாகச் செடியிலேயே நன்றாகப் பழுத்த சிவப்பு மிளகாயைப் போடுங்கள். காய்ந்த மிளகாய் வேண்டாம், அதன் வறண்ட வாசனை பழத்தை மூடிவிடும். பச்சை மிளகாயில் ஒரு புல் வாசனை வரும். வெங்காயத்தாள் கிடைக்காவிட்டால் வெள்ளை வெங்காயம் போதும்.

வைத்துப் பயன்படுத்துவதைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், பலர் கேட்டிருந்தீர்கள். இது ஊறுகாய் இல்லை. உப்பும் எண்ணெயும் இதைக் காப்பாற்றாது. பழம் புளிப்பானது என்ற தைரியத்தில் வெளியே வைத்துவிடாதீர்கள். நான் ஒருமுறை பாட்டிலில் ஊற்றி மூடி மேடையிலேயே விட்டுவிட்டேன். மூன்றாம் நாள் திறந்தபோது நுரை பொங்கி வழிந்தது, அத்தனையையும் கொட்ட வேண்டியதாயிற்று. விழுதை மட்டும் அரைத்துக் குளிர்பதனப் பெட்டியில் வைத்தால் நான்கைந்து நாள் இருக்கும். வெங்காயமும் கொத்தமல்லியும் சாப்பிடுகிற அன்றைக்கு மட்டும் சேருங்கள்.

வீட்டுக்கார அம்மாவின் சொந்த ஊர் அம்பாத்தோ பக்கம். 1949 ஆகஸ்ட் 5ஆம் தேதி நிலநடுக்கத்தில் தரைமட்டமான நகரம் அது. இரண்டு ஆண்டு கழித்து, 1951இல், அந்த ஊர் மக்கள் தங்களைத் தாங்களே தேற்றிக்கொள்ள ஒரு திருவிழா தொடங்கினார்கள். பழங்களும் பூக்களும்தான் திருவிழாவின் பெயரே. இன்றும் ஆண்டுதோறும் தேவாலயத்தின் முன்னால் ரொட்டியையும் பழங்களையும் பூக்களையும் வைத்து ஆசீர்வதிக்கிறார்கள். ஒரு வருடம் என்னையும் அழைத்துப் போனார். கூட்டத்தில் என் கையை இறுகப் பிடித்துக்கொண்டு, அங்கே அடுக்கியிருந்த மரத்தக்காளியைக் காட்டி "எங்கள் மண்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை செய்த அஹியைப் படம் எடுத்து அவருக்கு அனுப்பியிருந்தேன். நேற்றுதான் பதில் வந்தது, குரல் பதிவாக. குரல் தளர்ந்திருக்கிறது. நிறம் சரியாக வந்திருக்கிறது என்றார். எந்த மலையில் விளைந்த பழம் என்று கேட்டார். வெங்காயத்தை உப்புப் போட்டு எத்தனை முறை அலசினாய் என்று கேட்டார்.

இரண்டு முறை என்று பதில் அனுப்பினேன்.