அந்த ஆட்டம் இறுதிப்போட்டி அல்ல

இஸ்ரேலின் மக்காபி டெல் அவிவ் கூடைப்பந்து அணியில் ஆடிய டால் பிராடி பற்றி இங்கே ஒரு தகவல் சுற்றுகிறது: 1977-ல் அந்த அணி மாஸ்கோவின் சிஎஸ்கேஏ அணியை வென்று ஐரோப்பிய கூடைப்பந்துக் கோப்பையை வாங்கியது, அந்த மேடையில்தான் பிராடி "நாம் வரைபடத்தில் இருக்கிறோம்" என்றார் என்று.

அவர் அப்படிச் சொன்னது உண்மை, சிஎஸ்கேஏ-வை வென்ற அன்று சொன்னதும் உண்மை. ஆனால் கோப்பை அன்று கைக்கு வரவில்லை. அது பிப்ரவரி 17-ல் நடந்த அரையிறுதிக் கட்ட ஆட்டம், 91-79. சோவியத் ஒன்றியம் 1967-லேயே இஸ்ரேலுடன் தூதரக உறவை முறித்திருந்தது. டெல் அவிவுக்கு வர சிஎஸ்கேஏ மறுத்துவிட்டது. அதனால் பெல்ஜியத்தில் விர்டன் என்ற சின்ன ஊரில் ஆடினார்கள். இறுதிப்போட்டி ஏப்ரல் 7-ல், பெல்கிரேடில், இத்தாலியின் வரேசே அணியுடன். 78-77, ஒரே ஒரு புள்ளி! உண்மையில் நெஞ்சு படபடக்க வேண்டியது அந்த ஆட்டத்துக்குத்தான், பாவம், அதை யாரும் பேசுவதில்லை.

சரி, எப்படிச் சரிபார்ப்பது? யூரோலீக்கின் (அந்த ஐரோப்பியக் கோப்பைப் போட்டியின் இன்றைய பெயர்) 1976-77 சீசன் முடிவுகளை எடுத்து, கடைசி ஆட்டத்தில் எதிரணி, ஊர், தேதி மூன்றையும் பாருங்கள். சிஎஸ்கேஏ-வின் பெயர் அதற்கு முந்தைய கட்டத்தில்தான் இருக்கும். குழப்பம் வருவது இயல்புதான். அந்த வாக்கியம் அவ்வளவு பிரபலம், அதையும் நியூ ஜெர்சியில் பிறந்தவர் அமெரிக்க வாடை மாறாத ஹீப்ருவில் சொன்னார்.