பழைய படம் என்பதாலேயே அது இலவசமாகிவிடாது

போர்க்காலப் படம் ஒன்று கையில் கிடைத்ததும் நாம் முதலில் தேட வேண்டியது, கேமராவைப் பிடித்தவர் யாரிடம் சம்பளம் வாங்கினார் என்பதைத்தான். உரிமை அங்கிருந்துதான் தொடங்குகிறது.

1945 பிப்ரவரி 23, ஜப்பானின் ஐவோ ஜிமா தீவு. அமெரிக்க வீரர்கள் கொடியேற்றும் அந்தப் புகழ்பெற்ற படத்தை எடுத்த ஜோ ரோசன்தால் அசோசியேட்டட் பிரஸ் என்ற செய்தி நிறுவனத்தின் ஆள். பக்கத்தில் நின்று அதே கணத்தை வண்ணத் திரைச்சுருளில் பதிந்த பில் ஜெனாஸ்ட் அமெரிக்க மரீன் படையின் சார்ஜென்ட். அமெரிக்க அரசுப் பணியில் இருப்பவர் பணியின் பகுதியாக எடுத்ததற்கு அந்நாட்டில் பதிப்புரிமை கிடையாது. ஜெனாஸ்டின் காட்சிக்கு இது பொருந்தும், ரோசன்தால் படத்துக்குப் பொருந்தாது. "ராணுவப் படம்தானே" என்று எடுத்துப் போடுபவர்கள் இங்கேதான் சறுக்குகிறார்கள்.

அடுத்து தேதி. கோப்பில் பதிவாகியிருப்பது பெரும்பாலும் ஸ்கேன் செய்த நாள். அச்சுப்படியின் பின்பக்க முத்திரை, படம் வந்துசேர்ந்த நாளாகவோ வெளியான நாளாகவோ இருக்கலாம். பெர்லினில் உள்ள ரைஷ்டாக் நாடாளுமன்றக் கட்டடத்தின் மேல் சோவியத் கொடி பறக்கும் படத்தை யெவ்கெனி கால்டெய் எடுத்தது 1945 மே 2. அகன்யோக் என்ற சோவியத் இதழில் வந்தது மே 13. இடையில் ஒரு வீரரின் மணிக்கட்டில் இருந்த கடிகாரம் சுரண்டப்பட்டது, புகையும் சேர்க்கப்பட்டது. ஆகவே படத்தையே கொடுத்து இணையத்தில் தேடும் தலைகீழ்ப் படத்தேடலில் கிடைக்கும் முதல் பிரதியோடு நிற்காதீர்கள். பெரிதான, வெட்டப்படாத பிரதிகளை அருகருகே வைத்து மணிக்கட்டு, வானம், ஓரங்களைப் பெரிதாக்கிப் பாருங்கள்.

படத்துக்குள்ளேயும் சாட்சி உண்டு. நேச நாட்டு விமானத்தின் இறக்கையையும் உடலையும் சுற்றி ஐந்து கறுப்பு வெள்ளைப் பட்டைகள் இருந்தால், அவை 1944 ஜூனில் பிரான்சின் நார்மண்டிக் கடற்கரையில் நேச நாட்டுப் படைகள் தரையிறங்கியதற்காகப் பூசப்பட்டவை. அதற்கு முந்தைய படம் என்று யார் சொன்னாலும் நம்பாதீர்கள். அமெரிக்கக் கொடியில் 50 நட்சத்திரம் தெரிந்தால் அது இரண்டாம் உலகப்போர்ப் படமே அல்ல, அப்போது 48தான்.

தேதி உரிமையையும் தீர்மானிக்கும். பிரிட்டனில் 1957 ஜூன் 1க்கு முன் எடுத்த அரசுப் படங்களுக்குப் பதிப்புரிமை, எடுத்த ஆண்டு முடிந்ததிலிருந்து 50 ஆண்டுகள்தான். காப்பகம் பெரிய கோப்புக்குக் கேட்கும் கட்டணம் வேறு சங்கதி. கோப்பை வாங்கும்போது ஒப்புக்கொண்ட நிபந்தனை உங்களைக் கட்டும்.

ஜெர்மனியின் கூட்டாட்சி ஆவணக்காப்பகம் 2008இல் விக்கிமீடியா காமன்ஸ் என்ற இணையப் படக் களஞ்சியத்துக்குத் தந்த படங்களை வணிகத்துக்கும் பயன்படுத்தலாம். ஆனால் படஎண், எடுத்தவர் பெயர், உரிம இணைப்பு மூன்றும் வேண்டும். வண்ணமேற்றினால் அதைச் சொல்லி, அதே உரிமத்தில் வெளியிட வேண்டும். அங்குள்ள பழைய படவிளக்கங்கள் பல நாஜிப் பிரசாரத்துக்காக எழுதப்பட்டவை. அவற்றை அப்படியே தமிழாக்கிப் போட்டுவிடாதீர்கள்.